கோடு

கழித்துவிட்ட பதினேழு பெட்டியையும்
கம்பனி ஆட்கள் படலைக்கு உள்ளே அடுக்கிவிட்டுத்தான் போனார்கள்,
மரியாதையாக.
"இனிப்பில பிழையில்லை அக்கா,
தோலில கோடு கிடக்கு."
றஜீபன் கையில் ஒரு மஞ்சள் அட்டை.
எவ்வளவு நீளக் கோடு விழுந்தால்
ஒரு பழம் பழமில்லாமற் போகும் என்று
அதில் அச்சடித்திருக்கிறது.
ஒவ்வொரு பப்பாசியிலும் அதை வைத்து வைத்துப் பார்த்தான்,
காய்ச்சல் பார்க்கிறவன் போல.

ஆனி மாதம் விசுவமடுவில் சோளகம் படுப்பதில்லை.
இலைத்தண்டைப் பிடித்துக் காயில் தேய்க்கும்.
பால் கசியும், காயும், வரியாகும்.
காற்றுக்கு அடிக்கிற மருந்து
எந்தக் கடையில் விற்கிறது?

இவர் பெட்டியை எண்ணினார்.
எங்கேயாவது ஒன்று குறைந்திருக்கும் என்பதுபோல்
மறுபடி எண்ணினார்.
மாட்டுக்குப் போடுவம் என்றார்.
மாடு போன கிழமையே மூஞ்சியைத் திருப்பியாயிற்று.

நான் சாவி எடுத்து
பழைய சைக்கிளின் கரியரைக் கழற்றத் தொடங்கினேன்.
நாலு நட்டு. மூன்று கழன்றது.
மற்றதுக்கு மண்ணெண்ணெயும் இரண்டு கெட்டவார்த்தையும்.
"அது என்ர கரியர்."
"ஓம். நெல்லு ஏத்தினது, சீமெந்து ஏத்தினது,
உங்கட தங்கச்சியை ரியூசனுக்கு ஏத்தினது.
இனிப் பப்பாசி ஏறட்டும்."
"பழத்தை ஆரும் சுடுவினமே? உமக்கென்ன விசரே?"

வெறுங்கம்பியை முதலில் சுட்டேன்,
கிறீசும் கறுத்தப் பெயின்றும் நாறி அடங்குமட்டும்.
பிறகு மூன்று கல், சிரட்டைக்கரி,
பாலை விறகில் ஒரு துண்டு.
கனியப் பழுத்தது சரிவராது, தணலில் அழுது வழியும்.
முக்காற் பழம் வேண்டும்,
பெருவிரல் அழுத்தினால்
யோசித்து விட்டுக்கொடுக்கிற பழம்.
தோல் சீவாமல் நெடுக்கே நாலாய்ப் பிளந்து
நல்லெண்ணெய் தடவி
கரியர்க் கம்பிகளில் குப்புறப் படுக்கவைத்தேன்.

விதையை எறியப் போன திலக்சிகாவின் கையைப் பிடித்தேன்.
கடிச்சுப் பார்.
கடித்தாள். "அம்மா, மிளகு!"
அதையும் உப்பையும் செத்தல் மிளகாயையும்
உரலில் போட்டுக் குத்து. அரைகுறையாக. மாவாக்காதே.

சீனி கருகிற மணத்துக்கு
நேசமலர் வேலிக்கு மேலால் எட்டினாள்.
"என்னடி, கேக்கே?"
கேக் இல்லை.
கற்பூரவள்ளி இலையை நறுக்கிச் சூட்டோடு தூவ,
இருமலுக்கு மட்டுமே தெரிந்த அந்த வாசம்
முதற்தரம்
வருத்தக்காரர் இல்லாத வீட்டுக்கு வந்தது.
கடைசியில் தேசிக்காய்ப் புளி.
கம்பியில் விழுந்த துளி சீறியது.

இவர் நின்றபடியே ஒன்று தின்றார்.
ஒன்றும் சொல்லவில்லை.
அடுத்ததுக்குக் கை நீட்டினார்.

விட்டுப்போன அட்டையைத் தேடி
றஜீபன் மோட்டார் சைக்கிளில் திரும்பி வந்தபோது
ஒரு கீற்றைக் கொடுத்தேன்.
உதடு எரிய, மூக்கு ஒழுக, தோல்வரை சுரண்டித் தின்றான்.
இரண்டாவதைக் கையில் வாங்கின பிறகுதான் பார்த்தான்:
சிவந்த சதையில்
கறுத்து, நேராக, ஐந்து கோடு.
"அள" என்றேன்.
சிரிக்கப் பார்த்தான்.
அவனுக்கு மேலேயும் ஆள் இருக்கிறது,
சிரிப்பு பாதியில் நின்றது.

அட்டை என்னிடம்தான் இருந்தது.
அரைமணி நேரமாய் அதால்தான்
தணலை விசிறிக்கொண்டிருந்தேன்.
மூலை கொஞ்சம் கருகியிருந்தது. கொடுத்தேன்.

இன்னும் பதினாறரைப் பெட்டி கிடக்கிறது.
நாளைக்குப் பின்னேரம் றெட்பானாச் சந்தியில்
பஸ் நிற்கிற பக்கமாய்க் கரியரோடு நிற்கலாம்.
விற்குமோ தெரியாது.
உரலடியில் குந்தியிருந்து இவர் கேட்கிறார்,
உப்புக் காணுமோ?